எண்ணாமல் விட்ட ஏழு சிரிப்புகள்

என் தங்கையின் மேடைப் பேச்சைக் கேட்டவர்களுக்கு என்னை நன்றாகத் தெரிந்திருக்கும். "எங்க அண்ணன் இருக்காரே..." என்று ஆரம்பிப்பாள். அந்த அண்ணன் நான்தான். தீர்ந்துபோன பற்பசைக் குழாயைக் கத்தரியால் வெட்டி உள்ளே வழித்து எடுப்பவர், லிஃப்டில் ஏறியதும் எத்தனை பேர் என்று எண்ணிவிட்டுத்தான் பொத்தானை அமுக்குபவர், எல்லாக் குடும்பப் படத்திலும் கண்ணை மூடிக்கொண்டு நிற்பவர். முதல் இரண்டும் உண்மை. மூன்றாவதும் உண்மைதான், ஆனால் அது படம் எடுத்தவர்களின் தப்பு.

வீட்டில் அவளுக்கு ரேடியோ என்று பெயர். அம்மா வைத்தது. "இதை எங்க திருகினா நிக்கும்னு மட்டும் யாராவது சொல்லுங்களேன்" என்று வருகிறவர் போகிறவரிடமெல்லாம் கேட்பாள் அம்மா. எனக்கும் ரேடியோவுக்கும் ஆறு வயது வித்தியாசம். என் பங்குப் பேச்சையும் அவளே பேசித் தீர்த்துவிட்டாள் என்று சொந்தக்காரர்கள் சொல்வார்கள். எனக்கு அதில் வருத்தம் ஒன்றும் இல்லை. கடையில் மீதிச் சில்லறை கேட்பதற்குக்கூட அவளை அனுப்பியவன் நான்.

படிப்பு முடிந்து ஒரு பல் மருத்துவரிடம் வரவேற்பு மேசையில் வேலைக்குச் சேர்ந்தாள். கன்னத்தைப் பிடித்துக்கொண்டு வருகிறவர்களிடம் பெயர், வயது, எந்தப் பல் என்று கேட்டு எழுத வேண்டும், அவ்வளவுதான். ரேடியோ அதோடு விடுவாளா? அழுதுகொண்டு வந்தவர்கள் அங்கே சிரித்துக்கொண்டு காத்திருந்தார்கள். ஒருநாள் மருத்துவரே கையுறையோடு வெளியே வந்து, "ஏம்மா, உன்கிட்ட வாயைப் பெருசா திறக்கிறவங்க என்கிட்ட வந்ததும் மூடிக்கிறாங்க. எனக்கும் கொஞ்சம் மிச்சம் வையேன்" என்றாராம். அங்கே காத்திருந்த ஒரு நோயாளிதான் காப்பிக்கடை விஷயத்தைச் சொன்னார். கடையின் பின்னறையில் ஞாயிறு மாலை நான்கு மணிக்கு யார் வேண்டுமானாலும் ஐந்து நிமிடம் மைக் பிடித்துச் சிரிக்க வைக்கலாமாம்.

துணைக்கு நான் போனேன். அறையில் பதினோரு பேர். ஒன்பது பேர் தங்கள் முறைக்குக் காத்திருந்தவர்கள். பத்தாவது ஆள் ஃபோனுக்குச் சார்ஜ் போட வந்தவர். பதினோராவது நான். தங்கை ஐந்து நிமிடப் பேச்சை மூன்றே நிமிடத்தில் கொட்டிவிட்டு, மீதி நேரத்துக்கு என்ன செய்வதென்று தெரியாமல் எல்லாருக்கும் வணக்கம் சொன்னாள். அந்தத் தொழில்காரர்கள் ஒருவர் பேச்சுக்கு ஒருவர் சிரிப்பதில்லை என்பதை அன்றுதான் தெரிந்துகொண்டேன். ரொம்பப் பிடித்திருந்தால் முகத்தைச் சுளித்துக்கொண்டு "இது வேலை செய்யும்" என்பார்கள். போகப் போக அந்த நோய் அவளுக்கும் ஒட்டிக்கொண்டது.

பேருந்து நிறுத்தத்தில் கேட்டாள். "எத்தனை தடவை சிரிச்சாங்கண்ணா?"

"தெரியலையே."

"எண்ணலையா? உன் வேலையே அதானே!"

என் வேலை அதுதான். நகராட்சி நீச்சல் குளத்தின் வாசலில் உட்கார்ந்து, உள்ளே போகிற தலைகளை எண்ணுகிறவன் நான். உள்ளங்கைக்குள் அடங்கும் ஓர் இரும்புக் கருவி கொடுத்திருக்கிறார்கள். கட்டைவிரலால் அழுத்தினால் 'டிக்' என்று ஒரு எண் ஏறும். நூற்றிருபது ஆனதும் கதவைச் சாத்த வேண்டும். அந்தக் கருவியை நாங்கள் டிக்டிக் என்போம். அடுத்த ஞாயிற்றுக்கிழமை அதைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு போனேன். அறை சிரித்தால் ஒரு டிக். யாராவது ஒருவர் மட்டும் சிரித்தால் சேர்த்தியில்லை. நிகழ்ச்சி முடிந்து நிறுத்தத்துக்கு வந்ததும் எண்ணைச் சொல்வேன். எந்த இடத்தில் விழுந்தது, எந்த இடத்தில் விழவில்லை என்று கேட்டு, விழாததை அவள் தாளில் அடித்துவிடுவாள். ஆறு வருடம் இப்படி நடந்தது. ஐந்து நிமிடம் பத்தாகி, பத்து இருபதாகி, காப்பிக்கடை போய்ச் சின்ன அரங்கங்கள் வந்தன. என் எண்ணை அவள் ஒருமுறைகூடச் சந்தேகப்பட்டதில்லை. மேடையில் பேசுவதை ஃபோனிலும் பதிவு செய்வாள். வார்த்தை மறக்காமல் இருப்பதற்கென்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

இடையில் எனக்குக் கல்யாணம் நடந்தது. பதினான்கு மாதத்தில் முடிந்தும் போனது. சண்டையெல்லாம் இல்லை. ஒரு காலை என் மனைவி இரண்டு பைகளோடு கூடத்தில் நின்று, "உங்க மேல எனக்குக் கோபம் எதுவும் இல்லை" என்றாள். கோபம் இருந்திருந்தால் சமாதானம் செய்திருப்பேன்.

குளத்தில் இதை எப்படிச் சொல்வது? மனைவி வேறு ஊரில் ஒரு பயிற்சிக்குப் போயிருக்கிறாள் என்று சொல்லி வைத்தேன். சொன்னதற்கு ஏற்ப நடந்துகொள்ள வேண்டுமே! தினமும் மதியச் சாப்பாட்டு நேரத்தில் ஃபோனை எடுத்துக் காதில் வைத்துக்கொள்வேன். "ம், சாப்பிட்டாச்சு. நீ? குளிர் எப்படி இருக்கு? சரி, உடம்பைப் பாத்துக்க." எதிரே சீட்டு கொடுக்கும் அம்மாவும், நீச்சல் காவலரும் டப்பாவைத் திறந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பார்கள். ஏழு மாதம் இப்படி ஓட்டினேன். உண்மையைச் சொன்னால், பிறகு பிறகு அந்தப் பத்து நிமிடம் எனக்கே தேவைப்பட்டது.

ஒருநாள் "உன் குரல் ஏன் கம்மியிருக்கு, ஜலதோஷமா?" என்று நான் கேட்டுக்கொண்டிருந்தபோது, காதில் வைத்திருந்த ஃபோன் மணி அடித்தது.

சின்ன விஷயத்துக்கெல்லாம் விசில் ஊதுகிற நீச்சல் காவலர் அன்று ஒரு சத்தமும் போடவில்லை. சீட்டு கொடுக்கும் அம்மா தன் டப்பாவுக்குள் எதையோ தொலைத்தவர்போலத் தேடினார். நான் மணியை நிறுத்திவிட்டு வெளியே போய்க் குளத்தைப் பார்த்துக்கொண்டு நின்றேன். கூப்பிட்டது வேறு யார், ரேடியோதான். சாயங்காலம் வீட்டுக்கு வந்து "ஏன்ணா கட் பண்ணே?" என்று கேட்டாள். அவளிடம் மட்டும் சொன்னேன். சொல்லும்போது அழுதேன். அவளும்தான்.

மூன்று வாரம் கழித்து அவளுக்கு நாற்பது நிமிட மேடை. வழக்கம்போலக் கடைசி வரிசையில் டிக்டிக்கோடு உட்கார்ந்திருந்தேன். முப்பத்தைந்தாவது நிமிடத்தில் தண்ணீர் குடித்துவிட்டு, "எங்க அண்ணன் இருக்காரே, அவரு ஒருநாள் ஃபோன்ல பேசிட்டிருக்கும்போது..." என்று ஆரம்பித்தாள்.

என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

அன்றைக்கு விழுந்த மாதிரி சிரிப்பு அவளுக்கு அதற்கு முன் விழுந்ததே இல்லை. மணி அடித்த இடத்தில் என் பக்கத்தில் இருந்தவர் முன்னாலிருந்த நாற்காலியைப் பிடித்துக்கொண்டு குலுங்கினார். கண்ணைத் துடைத்துக்கொண்டு என்னைப் பார்த்து, "யாருங்க அந்த ஆளு!" என்றார். என் கட்டைவிரல் பொத்தானின் மேல்தான் இருந்தது. அழுத்தவில்லை. தலை மட்டும் பழக்கத்தில் எண்ணிக்கொண்டிருந்தது. ஏழு.

நிறுத்தத்தில் கேட்டாள், "கடைசி அஞ்சு நிமிஷம் எப்படிண்ணா?"

"ரெண்டு."

"ரெண்டா?"

"அதுவும் மரியாதைக்குச் சிரிச்சாங்க."

மேடையில் நின்ற அவள் காதிலும் அந்தச் சிரிப்பு விழுந்திருக்கும், ஆனாலும் என் எண்தான் அவளுக்குக் கணக்கு. "சரி, தூக்கிடறேன்" என்றாள். தாளை எடுத்து அடித்தாள்.

அடுத்த மூன்று நாள் அவளுக்குக் காய்ச்சல், யாரோடும் பேசவில்லை. அடுத்த மாதம் ஒரு பெரிய சுற்றுப்பயணத்துக்கு ஆள் எடுத்தார்கள். இருபது ஊர், பெரிய அரங்கங்கள். பல் மருத்துவர் கதைகளைச் சொல்லிவிட்டு வந்தாள். அவளை எடுக்கவில்லை. தாடி வைத்த ஒருவரை எடுத்தார்கள். இன்று அவர் முகம் பெரிய பெரிய விளம்பரப் பலகையில் இருக்கிறது. அந்தப் பலகைகளில் ஒன்று எங்கள் குளத்துக்கு நேர் எதிரே. ஒன்பது வருடமாகக் காலையில் முதலில் அவர் முகத்தில்தான் விழிக்கிறேன். அந்த ஏழு சிரிப்பையும் நான் ஒழுங்காக எண்ணியிருந்தால் அங்கே என் தங்கையின் முகம் இருந்திருக்கும் என்று தோன்றும். சொல்லிவிட வேண்டும் என்று எத்தனையோ முறை வாயெடுத்திருக்கிறேன். என் வாய்தான் உங்களுக்குத் தெரியுமே.

தங்கை சோர்ந்துவிடவில்லை. சின்ன மேடைகளில் பேசிக்கொண்டே, வீட்டிலிருந்து ஒரு பாட்காஸ்ட் தொடங்கினாள். ஒலிப்பதிவு அறையெல்லாம் கிடையாது. படுக்கையறை அலமாரியின் இரண்டு கதவையும் திறந்து, தொங்குகிற துணிகளுக்கு முன்னால் இரண்டு முக்காலி, நடுவில் மைக், தலைக்கு மேல் ஒரு கம்பளி. துணி இருந்தால் எதிரொலி வராதாம். சாலை துப்புரவு செய்கிறவர், மாவு மில்லில் இருப்பவர், பிணவறைக் காவலாளி என்று வேலை செய்கிறவர்களை உட்கார வைத்துப் பேசுவாள். ஒரே ஒரு விதி உண்டு. வந்தவர் வேண்டாம் என்று சொல்வதை வெளியிட மாட்டாள். இந்த விதி மட்டும் எங்கிருந்து வந்தது என்று நான் யோசித்ததில்லை.

இருநூறாவது பகுதிக்கு யாரைக் கூப்பிடலாம் என்று நேயர்களைக் கேட்டாள். எல்லாரும் "அண்ணனைக் கூப்பிடுங்க" என்றார்கள்.

போன சனிக்கிழமை மதியம், குளத்து வேலை முடிந்து, சட்டைப்பையில் டிக்டிக்கோடேயே போனேன். அவளுடைய குளிர்கால மேலங்கி என் காதை உரச உட்கார்ந்தேன். குளம், தலை எண்ணுவது, பற்பசை எல்லாம் பேசி முடித்தோம். "வேற ஏதாவது சொல்லணுமாண்ணா?" என்று எல்லாரிடமும் கேட்பதை என்னிடமும் கேட்டாள். கம்பளிக்குள் வேர்த்துக் கொட்டியது. இப்போது விட்டால் எப்போதும் இல்லை என்று தோன்றியது.

"நான் உன்னை ஏமாத்திட்டேன்" என்றேன். "அந்த ஃபோன் கதை. ரெண்டு இல்ல. ஏழு. நான் அழுத்தல."

அவள் தன் ஃபோனை எடுத்து எதையோ தேடி எங்கள் நடுவில் வைத்தாள். ஒன்பது வருடத்துக்கு முந்தைய அவள் குரல், கொஞ்சம் மெலிதாக. கூட்டம் சிரித்தது. சிரிப்பின் ஓரத்தில் மெல்ல ஒரு 'டிக்'. அடுத்த சிரிப்பு, அடுத்த 'டிக்'. மேடையின் ஒலி அரங்கத்தின் பின்னாலும் கேட்கிறதா என்று பார்க்க, அவள் ஃபோனை எப்போதும் என் நாற்காலிக்குக் கீழேதான் வைப்பாள். எனக்கு அது மறந்தே போயிருந்தது. முப்பத்தைந்தாவது நிமிடம் வந்தது. "எங்க அண்ணன் இருக்காரே..." சிரிப்பு இடிந்து விழுந்தது. ஏழு முறையும் சிரிப்பு மட்டும்தான் கேட்டது.

"அடுத்த நாள் காலையிலயே கேட்டுட்டேன்" என்றாள். "உன் மேல அப்படி ஒரு கோபம். காய்ச்சல்னு சொல்லிப் படுத்தேனே, காய்ச்சலாவது ஒண்ணாவது! மூணாவது நாள் திரும்பப் போட்டுக் கேட்டேன். எல்லாரும் சிரிக்கிறாங்க. நீ அங்க டிக்டிக்கைக் கையில வச்சுக்கிட்டுச் சும்மா உக்காந்திருக்கே. அதுக்கப்புறம் என் மேலதான் கோபம் வந்துச்சு."

"அந்தச் சுற்றுப்பயணம்..."

"அந்தக் கதையைத்தான் சொல்லச் சொன்னாங்க. அன்னிக்கு அரங்கத்துல அவங்க ஆளு ஒருத்தரு இருந்திருக்காரு. இல்லைங்க, அது எண்ணிக்கைல வரலைன்னு சொல்லிட்டு வந்துட்டேன்."

"ஏன் என்கிட்ட சொல்லல?"

"மன்னிப்புக் கேக்கணுமே. வாயை வச்சுப் பொழைக்கிறவ, அதுக்கு மட்டும் வாய் வரல." மூக்கைத் தொங்குகிற சட்டை ஒன்றில் துடைத்துக்கொண்டாள். "மன்னிச்சுக்கண்ணா. கேக்காம சொல்லிட்டேன்."

ஒன்பது வருடம் நான் சுமந்தது ஒன்றுமே இல்லை, சுமந்தவள் அவள் என்று புரிந்தபோது எனக்கு அழுகை வந்தது. ஆனால் வேறொன்று முந்திக்கொண்டது. "நீ அதைத் தப்பாச் சொன்னே" என்றேன்.

"என்னது?"

"மேடையில நீ, நான் 'சாப்பிட்டியா'ன்னு கேக்கும்போது மணி அடிச்சதாச் சொன்னே. அது அப்படி இல்ல." சொல்லிக் காட்டினேன். மனைவியின் குரல் கம்மியிருந்ததைப் பற்றி நான் விசாரித்தது. இல்லாத ஜலதோஷத்துக்கு மிளகு போட்டு வெந்நீர் குடிக்கச் சொல்ல வாயெடுத்தது. மணி அடித்த பிறகும் இரண்டு விநாடி ஃபோனைக் காதில் வைத்துக்கொண்டே, "இரு, யாரோ கூப்பிடறாங்க" என்று மனைவியிடம் சொன்னது. அந்தக் கடைசி வரியை அதுவரை நான் யாரிடமும் சொன்னதில்லை, அவளிடம்கூட.

"இது வேலை செய்யும்" என்று சொல்லத்தான் அவள் வாயைத் திறந்தாள். முடியவில்லை. முக்காலியிலிருந்து துணிகளுக்குள் சரிந்து, கம்பளி எங்கள் இரண்டு பேர் தலையிலும் விழுந்து, துணிமாட்டிகள் எல்லாம் கலகலக்கச் சிரித்தாள். கண்ணீரும் சேர்ந்துதான் வந்தது. நானும் சிரித்தேன். இருட்டில் என் கை தானாகச் சட்டைப்பைக்குள் போனது.

திங்கட்கிழமை ஃபோன் செய்தாள். "எல்லாத்தையும் வெட்டி ஒட்டிட்டேன். கடைசியில நாம விழுந்து சிரிச்ச இடத்துல மட்டும் 'டிக்'குனு ஒரு சத்தம் பதிவாகியிருக்கு. எடுத்துடட்டுமாண்ணா?"

சாப்பாட்டு நேரம். எதிரே சீட்டு கொடுக்கும் அம்மா டப்பாவைத் திறந்துகொண்டிருந்தார்.

"இருக்கட்டும், விடு" என்றேன்.