தமையனாரின் தேர்தல் வழக்கும் நான் தூக்கிய கையும்

எங்கள் தமையனார் ஆண்டவர் திருவடி சேர்ந்து ஓராண்டு நிறைகிறது. நினைவுப் பூசைக்கு வந்திருக்கும் உறவினரும் நண்பரும் கொண்டுபோக இச்சிறு புத்தகத்தை அச்சிட்டிருக்கிறோம். வீட்டில் கன்னியர் பள்ளியில் நாலு எழுத்துப் படித்தவள் நான் ஒருத்திதான். எழுதும் வேலை என் தலையில் விழுந்தது. நல்லதை மட்டும் எழுதச் சொன்னார்கள். அது அவருக்கே பிடித்திருக்காது.

தமையனார் மார்க்கையன்கோட்டையில் பிறந்தவர். தாது வருஷப் பஞ்சத்தில் தாய் தகப்பனைப் பறிகொடுத்து, என்னையும் வளர்த்துக் கட்டிக்கொடுத்தார். அந்தப் பஞ்சத்தில் ஊரே விதைநெல்லையும் குத்தித் தின்றது. மறுபடி அப்படி ஆகக்கூடாதென்று அவர் முன்னின்று விதைநெல் சங்கம் தொடங்கினார். பங்குதாரர் அறுவடையில் நெல் போடுவார்கள், விதைப்புக்கு எடுத்துக்கொள்வார்கள். ஆறு வருஷம் அவரே தலைவர். அந்தப் பதவி அவருக்கு உயிர். என் புருஷனுக்குச் சங்கத்தில் இருந்த பங்கு, அவர் காலமானதும் என் பேருக்கு வந்தது.

இளகிய மனசுக்காரர். யார் வந்து அழுதாலும் முதலில் அவர்களுக்கு அளந்துவிடுவார். தங்கைதானே, பொறுத்துக்கொள்வாள் என்று என் விதையைக் கடைசியில் வைப்பார். இரண்டு போகம் பிந்தி விதைத்து என் வயல் காய்ந்தது. நான் வாய் திறக்கவில்லை.

ஏழாம் வருஷம், பெரியாற்றில் அணை எழும்பிக்கொண்டிருந்த நாளில், மேற்குத்தெரு மாமா அவரை எதிர்த்து நின்றார். சங்கத்தில் கைகளை எண்ணித்தான் தேர்தல். பெண்பிள்ளைகள் கூட்டத்துக்குப் போவதில்லை. பங்குள்ள விதவைக்காக அண்ணனோ மகனோ இன்னொரு கையையும் தூக்குவார். பார்க்க மழை கேட்டு இறைஞ்சுவது போலிருக்கும், யாரும் சிரிப்பதில்லை. தமையனார் மூன்று கை அதிகம் வாங்கி வென்றார். பங்குதாரர் தாமே வந்து கை தூக்க வேண்டுமென்று விதியில் இருக்கிறதென்று மாமா முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டார்.

எல்லாரும் ஒரு கைதான் தூக்கினார்கள் என்று சொல்லும்படி தமையனாருக்கு அவர் வக்கீல் சொல்லிக்கொடுத்திருந்தார். கூண்டில் ஏறிய தமையனார், “நானே ரெண்டு கையத் தூக்கினேங்கய்யா. ஒண்ணு என்னது, ஒண்ணு எந் தங்கச்சிது” என்றார்.

“தங்கை யாருக்குத் தூக்கச் சொன்னாள்?” என்று முன்சீப் கேட்டார்.

“அவகிட்ட நான் கேக்கலைங்கய்யா.”

தேர்தல் செல்லாதென்று தீர்ப்பானது. ஊர் திரும்பியவர் நேரே என் வீட்டுக்கு வந்தார். “ஆத்தா, மறு தேர்தலுக்கு நீயே வந்து கை தூக்கு.”

“பொம்பளைக வந்தா ஊரு சிரிக்காதாண்ணே?”

“சிரிச்சிட்டுப் போகட்டும்.”

பங்குள்ள பெண்கள் ஐந்து பேர் போய் ஓரமாக நின்றோம். தமையனார் பேரைச் சொன்னபோது என் கை எழும்பவில்லை. மாமா பேருக்குத் தூக்கினேன். தமையனார் ஒரே ஒரு கை வித்தியாசத்தில் தோற்றார்.

மறுநாள் அவரே வந்தார். “ஏன் ஆத்தா?”

“ரெண்டு போகம் எனக்கு வெத பிந்துச்சுண்ணே. மாமா வரிசப்படி அளப்பாகன்னு எல்லாரும் சொன்னாக.”

“எங்கிட்டச் சொல்லியிருக்கலாமே.”

“நீங்க கேட்டதே இல்லையே.”

அன்றிலிருந்து என் காரியம் எதையும் என்னைக் கேட்காமல் முடிவு செய்ததில்லை. தேர்தலில் மறுபடி நிற்கவும் இல்லை.

சென்ற ஆண்டு விஷக்காய்ச்சலில் படுத்தார். பார்க்க வந்த மாமாவிடம், “எந் தங்கச்சி வயலு எப்பிடி இருக்கு மாமா?” என்று கேட்டார்.

“நல்லா வெளஞ்சிருக்கு மாப்ளே.”

“அப்ப சரியான ஆளுக்குத்தான் கையத் தூக்கியிருக்கா” என்றார். மூன்றாம் நாள் போய்விட்டார்.

பக்கத்தில் இருந்து மருந்து கொடுத்த வைத்தியருக்கும், கடைசி நேரத்தில் எண்ணெய் பூசி அவஸ்தைப் பூசுதல் தந்த சாமியாருக்கும், கஞ்சி காய்ச்சிக் கொண்டுவந்த தெருக்காரர்களுக்கும், கல்லறை வரை தோள் கொடுத்த மேற்குத்தெரு மாமாவுக்கும் எங்கள் குடும்பத்தின் நன்றி. தமையனாருக்கு நான் ஒன்று சொல்ல வேண்டியிருந்தது, சொல்லாமல் விட்டுவிட்டேன். அடுத்த தேர்தலில் நீங்கள் நின்றிருந்தால் என் கை உங்களுக்குத்தான், அண்ணே.