தனி ஃபைல் இல்லாத குழந்தை

2004 என்று நினைவு. அப்போது பெங்களூரில் லிங்கராஜபுரத்தில் குடியிருந்தோம். நான் ஒரு மெடிக்கல் கோடிங் கம்பெனியில் வேலை பார்த்தேன். அது என்ன வேலை என்று எல்லோருக்கும் விளக்கியே அலுத்துப் போயிருந்தேன். அமெரிக்க ஆஸ்பத்திரிகளின் நோயாளி ஃபைல்கள் கம்ப்யூட்டரில் வரும்; டாக்டர் எழுதிய ஒவ்வொரு நோய்க்கும் உரிய எண்ணைப் போட வேண்டும்; அதை வைத்துத்தான் அங்கே இன்சூரன்ஸ்காரன் பணம் கொடுப்பான். என் மாமியார் மட்டும் அக்கம்பக்கத்தில் மருமகள் பாதி டாக்டர் என்று சொல்லி வைத்திருந்தார்.

எனக்குக் கிடைத்தது பிரசவப் பிரிவு. அதிலும் சர்க்கரை உள்ள கர்ப்பிணி என்றால் மூளை காய்ந்துவிடும். முன்பே சர்க்கரை இருந்தால் ஒரு எண், கர்ப்பத்தில் வந்தால் வேறு எண். இந்த லட்சணத்தில் நான் உண்டாகி ஆறாம் மாதம் எனக்கே சர்க்கரை என்றார்கள். "நம்ம ஃபைலே நடந்து வருது பாருங்கடி" என்று டீமில் கிண்டல். நானும் சிரித்து வைத்தேன். உள்ளுக்குள் பயம்தான். ஊசி, சாப்பாடு, பரிசோதனை எதிலும் குறை வைக்கவில்லை. வளைகாப்பில் ஊட்ட வந்த சர்க்கரைப் பொங்கலைக்கூட வாயை மூடிக்கொண்டு மறுத்தேன். நாத்தனார் ஒரு வாரம் முகம் கொடுத்துப் பேசவில்லை.

எட்டாம் மாதம் ஒருநாள் காலையில் வயிற்றில் அசைவே இல்லை. ஆட்டோ பிடித்து பிரேசர் டவுன் பக்கம் இருந்த நர்சிங் ஹோமுக்கு ஓடினோம். ஸ்கேன் பார்த்த டாக்டர் திரையை என் பக்கம் திருப்பவே இல்லை. வலி வர மருந்து கொடுத்தார்கள். மறுநாள் மதியம் பிரசவமானது. பெண். அழுகைச் சத்தம் வராத அந்த அறையைப் பற்றி என்னால் எழுத முடியவில்லை.

ஆயா குழந்தையைத் துணியில் சுற்றிக்கொண்டு வெளியே போனார். ஒரே ஒரு தடவை காட்டச் சொல்லிக் கெஞ்சினேன். நர்ஸ் "பேடம்மா, பேடா" என்று கன்னடத்தில் வேண்டாமெனத் தடுத்தார். மாமியார் வந்து தலையைத் தடவினார். "பார்த்தா மனசுல ஒட்டிக்கும் கண்ணு. அடுத்தது தங்காது."

வாசலில் என் கணவர் நின்றுகொண்டிருந்தார். "என்னங்க, நீங்களாச்சும் சொல்லுங்க!" என்றேன்.

"அம்மா சொல்றாங்கல்ல, விடும்மா" என்றார். அழுது அழுது கண் சிவந்திருந்தது, பாவம். அவர்தான் குழந்தையைத் துணியோடு கையில் வாங்கிக்கொண்டு சுடுகாட்டுக்குப் போனார். கையில் டிரிப்ஸோடு நான் படுத்தே கிடந்தேன்.

உடம்பு தேறி வேலைக்குத் திரும்பினேன். கொஞ்ச நாளில் ஒரு தாயின் ஃபைல் வந்தது. எங்கள் வேலையில், உயிரோடு பிறந்த குழந்தைக்குத் தனி ஃபைல் உண்டு. இறந்து பிறந்ததற்குக் கிடையாது; அம்மாவின் ஃபைலில் ஒரு எண், அதோடு சரி. அந்தத் தாய்க்கும் சர்க்கரை. அவளுக்கும் குழந்தை ஃபைல் இல்லை.

பொதுவாக நர்ஸ் எழுதும் குறிப்புகளை நாங்கள் படிப்பதில்லை. அதை வைத்து நோய்க்கு எண் போடக்கூடாது என்பது விதி, படித்தால் நேரம்தான் வீண். அன்று ஏனோ படித்தேன். குழந்தையைக் குளிப்பாட்டி, சட்டை போட்டு, தாயின் கையில் கொடுத்திருக்கிறார்கள். அவள் நெடுநேரம் வைத்திருந்திருக்கிறாள். பாட்டுப் பாடியிருக்கிறாள். போட்டோ எடுத்திருக்கிறார்கள். அதற்கெல்லாம் எண் கிடையாது.

எனக்கு நெஞ்சு எரிந்தது. நானும் கேட்டேனே! அவளுக்குக் கொடுத்ததை எனக்கு ஏன் கொடுக்கவில்லை? பாத்ரூமில் போய், துப்பட்டாவை வாயில் அடைத்துக்கொண்டு அழுதேன்.

வீட்டுக்கு வந்ததும் கணவரிடம் கேட்டேன். "கோபம் எல்லாம் இல்லைங்க. முகம் எப்படி இருந்துச்சுன்னு மட்டும் சொல்லுங்க."

அவர் தலையைக் குனிந்துகொண்டார். "தெரியலம்மா. தைரியம் வரல. துணிய விலக்கவே இல்ல. அப்படியேதான் வெச்சுட்டு வந்தேன்."

மாமியாரும் பார்க்கவில்லையாம்.

பிறகு எங்களுக்கு ஒரு மகன் பிறந்தான். அப்படியே அப்பா ஜாடை என்று வந்தவர்கள் எல்லாம் கன்னத்தைக் கிள்ளினார்கள். அவனுக்கு முன்னால் பிறந்தவள் யார் ஜாடை என்று சொல்ல, எங்கள் வீட்டில் ஒருவரும் இல்லை.