மாங்காய் வரிசையில் போன வண்டி

என் சகலை, அதாவது மனைவியின் தங்கை புருஷன், என்னைவிட ஆறு வயது சின்னவன். நான் மினி லாரி வாங்கிய வருஷமே அவனும் ஒன்று வாங்கினான். ஆந்திராவில் எங்கள் கார்வேட்டிநகரம் பக்கம் பாதிப் பேர் பெங்களூருக்குக் கட்டட வேலைக்குக் கிளம்பிய காலம் அது. போகாமல் நின்றவர்களைத் தேடி பாங்குக்காரர்கள் வீட்டுக்கே வந்து வண்டிக்கடன் கொடுத்தார்கள். இரண்டும் ஒரே கம்பெனி வண்டி, ஒரே இன்ஜின். ஆனாலும் அவன் வண்டிதான் மேடு ஏறும்போது திணறாமல் போகிறது என்று எனக்குத் தோன்றும்.

மழை இல்லாத வருஷம் இரண்டு பேருக்குமே தவணை நின்றது. சித்தூர் அருகே மாங்காய் ஜூஸ் ஃபாக்டரி வாசலில் லோடோடு வரிசையில் நின்றபோது பாங்கு அனுப்பிய ஆட்கள் வந்தார்கள். முன்னாலும் போக முடியாது, பின்னாலும் எடுக்க முடியாது. காய் அழுகினால் தோட்டக்காரர் என் சட்டையைப் பிடிப்பார். கையெழுத்துப் போட்டால் லோடை இறக்க விடுவதாகச் சொல்லி, தெலுங்கில் அச்சடித்த தாளை நீட்டினார்கள். நான் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் ஐந்தாவதோடு நின்றவன். தெலுங்கு பேசுவேன், படிக்க வராது. படிப்பதுபோல் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போட்டேன். லோடை இறக்கியதும் வண்டியை எடுத்துப் போனார்கள்.

மூன்று வண்டி பின்னால் நின்ற சகலை தாளை நிஜமாகவே படித்தான். நானே விரும்பி வண்டியை ஒப்படைக்கிறேன் என்று அதில் இருந்ததாம். போட மாட்டேன் என்றுவிட்டான். அவன் வண்டியையும் எடுத்துப் போனார்கள்தான். ஆனால் அவன் அன்றைக்கே போலீஸில் புகார் எழுதிக் கொடுத்து, கன்ஸ்யூமர் கோர்ட்டுக்குப் போய், இரண்டு மாதத்தில் வண்டியை மீட்டு என் வீட்டு வழியாக ஓட்டிப் போனான். அவன் ஊருக்கு வேறு வழி இல்லை என்பது எனக்கும் தெரியும். வேண்டுமென்றே ஹாரன் அடித்தான் என்று மனைவியிடம் சொன்னேன்.

அந்த வாரமே எனக்கு நோட்டீஸ் வந்தது. பதினைந்து நாளில் பாக்கியைக் கட்டாவிட்டால் வண்டி ஏலத்துக்குப் போகும். அவனுடைய வக்கீலைக் கேட்கச் சொன்னாள் மனைவி. ஒன்பது நாள் கேட்கவில்லை. தினமும் பஸ் பிடித்துத் திருப்பதிக்கு வெளியே, பிடித்த வண்டிகளை பாங்கு நிறுத்திவைத்த யார்டுக்குப் போய், கம்பி வேலிக்கு இந்தப் பக்கம் நின்று டயர் எல்லாம் இருக்கிறதா என்று எண்ணிவிட்டு வந்தேன். அவனிடம் போவதைவிட அது சுலபமாக இருந்தது.

பத்தாம் நாள் போனேன். ஒரு வார்த்தை கேட்காமல் சட்டையை மாட்டிக்கொண்டு கூட வந்தான். அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை.

வக்கீல் நோட்டீஸைப் பார்த்தார். மிரட்டி வண்டி எடுக்கச் சட்டத்தில் இடமில்லை, ஏலத்துக்குத் தடை கேட்கலாம், ஆனால் என் கையெழுத்துதான் இடிக்கிறது என்றார். எனக்குத் தெலுங்கு படிக்க வராது என்றால் கேஸ் நிற்குமாம்; அதை என்னை நன்றாகத் தெரிந்த ஒருவர் அஃபிடவிட்டாக எழுதிக் கொடுக்க வேண்டுமாம்.

"கொஞ்சம் கொஞ்சம் வரும் சார்" என்றேன்.

"வருமா, வராதா? வரும்னா கேஸ் இல்ல."

சகலை என் பக்கம் குனிந்து மெதுவாகச் சொன்னான்: "அண்ணா, உனக்கு வராதுன்னு என் கல்யாணத்தப்பவே தெரியும். நான் யாராண்டயும் சொல்லல. மாமியார் வூட்ல கூட."

அத்தனை வருஷம் அவன் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்கிறான். அவனைத் திட்ட ஏதாவது கிடைக்குமா என்று தேடினேன். ஒன்றும் அகப்படவில்லை. அதுதான் எல்லாவற்றையும்விட எரிந்தது.

"வராது சார்" என்றேன்.

அவன் அஃபிடவிட் கொடுத்தான். ஏலம் நின்றது. பாக்கியைத் தவணையாகக் கட்டச் சொல்லி, வண்டியைத் திருப்பிக் கொடுக்க ஆர்டர் வந்தது. அந்த வண்டியை இன்னும் பத்து வருஷம் நான்தான் ஓட்டினேன், டீசலும் டயரும் நான்தான் போட்டேன். மாமியார் வீட்டில் மட்டும் கடைசி வரைக்கும் அதற்கு, சின்ன மாப்பிள்ளை மீட்ட வண்டி என்றுதான் பெயர்.