மூன்றாம் ஓலைக்கு முன் படித்த நோட்டு

மகளுக்குக் கல்யாணம் பேசி முடித்ததும் பங்குச் சாமியார் அவளுடைய ஞானஸ்நான சான்றிதழைக் கேட்டார். அதைத் தேடி பீரோவைக் குடைந்தபோதுதான் அந்த நீல அட்டை நோட்டு கையில் சிக்கியது. அவள் துணிகளுக்கு அடியில் இருந்தது. காலேஜ் நோட்டாக்கும் என்று பிரித்தேன். அவள் படித்தது கணக்கு. நோட்டில் ஒரு கணக்கும் இல்லை. கதை எழுதியிருந்தாள்.

நான் எட்டாவது வரைக்கும் படித்தவன். ஜெபப் புத்தகமும் பைபிளும் தவிர எதையும் முழுசாகப் படித்ததில்லை. இதை நின்றபடியே பதினைந்து பக்கம் படித்துவிட்டேன்.

அது எங்கேயும் இல்லாத ஒரு நாடு. அங்கேயும் எங்களைப் போல உப்பு விளைவிக்கிறவர்கள்தான். ஆனால் யாரும் பலகை போட்டு உப்பை வாராமல் நூறு வருஷம் சும்மா கிடக்கிற பாத்தியில் ஒரே ஒரு கல் விளையுமாம். காலக்கல் என்று பெயர். அதை நாக்கில் ஒருமுறை தொட்டால் போதும், எல்லாம் நின்றுவிடும். பறக்கிற காக்கா வானத்திலேயே நிற்கும், ஊற்றுகிற தண்ணீர் பாதியில் நிற்கும். தொட்டவள் மட்டும் நடமாடலாம். ஒவ்வொரு தடவையும் கல் கொஞ்சம் கரையும். அந்தக் கல்லைக் காவல் காக்கிறவன் தோளில் தோல்பை, கழுத்தில் விசில். அவன்தான் யாருக்கும் தெரியாமல் ஒரு பெண்ணுக்குக் கல்லைக் கொடுக்கிறான்.

உப்பளத்து மேஸ்திரி என்பதால் முதலில் என் புத்தி வேறு பக்கம் போனது. வாராமல் விட்டால் உப்பு பெரிசாகக் கட்டும், சரி. நூறு வருஷம் மழையில் கரையாமலா இருக்கும்? அப்புறம்தான் இந்தத் தோல்பைக்காரன் யார் என்று மண்டையில் ஏறியது. மூன்று வருஷம் பாண்டிக்குக் காலேஜ் படிக்க பஸ்ஸில் போய் வந்தவள் அவள். தோல்பை, விசில். கண்டக்டர்.

வீட்டுக்காரியிடம் சொன்னேன். அவள் அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டே நிமிராமல் கேட்டாள்.

"கத எழுதினா தப்பா?"

"கல்யாணம் நிச்சயமான பொண்ணு காலத்த நிறுத்துற கல்லப் பத்தி எதுக்கு எழுதணும்?"

"கோயில்ல கல்யாண ஓல வாசிக்கப் போற நேரத்துல பெத்த பொண்ணையே சந்தேகப்படுறீங்க. போய் ஜெபமால சொல்லுங்க."

ஜெபமாலை சொன்னேன். மாதா என்னைப் பார்த்துச் சிரிக்கிற மாதிரி இருந்தது. மறுநாள் காலையில் அந்த பஸ்ஸில் ஏறிவிட்டேன்.

கண்டக்டருக்குத் தலை முழுக்க நரை, தொப்பை வேறு. இருந்தாலும் கூனிமேடு வரைக்கும் அவரையே பார்த்துக்கொண்டு போனேன். டிக்கெட் கிழித்துக்கொண்டிருந்தவர் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"ஏம்பா, எம் மூஞ்சில என்னா எழுதியிருக்குது?"

"ஒண்ணுமில்லீங்க."

"உப்பளத்து மேஸ்திரிதானே நீ? பொண்ணு படிப்ப முடிச்சிடுச்சா? கும்பல்ல நின்னுகினே எதையாவது எழுதிக்கினு வரும். நான்தான் என் சீட்டக் குடுப்பேன்."

என் பெண்ணைப் பற்றி இவருக்கு எதற்கு இவ்வளவு தெரிந்திருக்க வேண்டும் என்று கூனிமேட்டில் இறங்கிய பிறகும் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆண்டவர் மன்னிக்கட்டும்.

முதல் ஞாயிறு பூசை முடிந்ததும், சாமியாருக்கு உதவியாக இருக்கிற உபதேசியார் ஓலை வாசித்தார். எங்கள் கோயிலில் மூன்று ஞாயிறு வாசிப்பார்கள். இன்னாரின் மகனும் இன்னாரின் மகளும் மெய்விவாகம் செய்ய இருக்கிறார்கள், இதற்குத் தடை ஏதும் இருப்பதாக அறிந்தவர்கள் பங்குத்தந்தைக்குத் தெரிவிக்கக் கடமைப்பட்டவர்கள் என்று. அந்த வரி வந்தபோது கோயில் முழுக்க ஒவ்வொரு ஆண் முகமாகப் பார்த்தேன். ஒருவனும் அசையவில்லை.

அன்று சாயங்காலம் மகள் கோயில் பாட்டு கிளாசுக்குப் போனதும் நோட்டை எடுத்தேன். புதிதாக ஒரு பக்கம். கதைப் பெண் கல்லை ஒருமுறை நக்கியிருந்தாள். வீடு நிறைய வந்த விருந்தாளிகள் காபி டம்ளரோடு சிலையாக நிற்க, அவள் மட்டும் கடல் வரை நடந்துவிட்டு வந்தாள். யாரையும் பார்க்கப் போகவில்லை. சும்மா நடந்தாள். அதுவும் எனக்குச் சந்தேகமாகத்தான் இருந்தது. சும்மா யார் நடப்பார்கள்?

இரண்டாம் ஓலை வாசித்த அன்றும் எடுத்தேன். கல் கற்கண்டு அளவுக்குத் தேய்ந்துவிட்டது, இன்னும் ஒரு தடவைக்குத்தான் வரும் என்று எழுதியிருந்தாள். அதற்குக் கீழே அந்த நாட்டுச் சட்டம். 'இங்கே ஒரு பெண்ணிடம் சம்மதம் கேட்க வேண்டுமானால் வீட்டில் கேட்கக் கூடாது, செல்லாது. பாத்தி வரப்பில், வேறு யாரும் இல்லாமல், மூன்று தடவை கேட்க வேண்டும். தலையாட்டினால் கணக்கில் சேராது. அவள் வாயால் சொல்ல வேண்டும். அவளுக்காக வேறொருவர் சொன்னால் சொன்னவருக்குத்தான் கல்யாணம்.'

கடைசி வரியைப் படித்ததும் சிரிப்பு வந்தது. அப்புறம் நின்றுவிட்டது. பெண் பார்க்க வந்த அன்று கூடத்தில் இருபது பேர். மாப்பிள்ளையின் மாமா "சம்மதமாம்மா?" என்றார். இவள் பழத்தட்டைப் பார்த்தபடி தலையை அசைத்தாள். ஆட்டினாளா, குனிந்தாளா, இப்போது கேட்டால் எனக்குச் சொல்லத் தெரியாது. "சம்மதம்னு சொல்றா" என்று சொன்னது நான்.

ஐந்து நாள் அதை உள்ளே வைத்துக்கொண்டு திரிந்தேன். சனிக்கிழமை காலை எனக்குச் சாப்பாடு கொண்டுவரச் சொல்லி போன் போட்டேன். காற்றே இல்லாத நாள். பாத்தியில் தண்ணீர் மேல் உப்பு ஏடு கட்டியிருந்தது. ஆட்களை அடுத்த பாத்திக்கு அனுப்பிவிட்டு வரப்பில் நின்றேன். அவள் தூக்கை நீட்டினாள்.

"இந்தக் கல்யாணத்துக்கு உனக்குச் சம்மதமா?"

அவள் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "இப்ப எதுக்குக் கேக்குற? அம்மா கேக்கச் சொன்னாங்களா?"

"இல்ல. சம்மதமா?"

"மாப்ள வீட்ல ஏதாச்சும் சொன்னாங்களா?"

"அதுவும் இல்ல. மூணாவது தடவ கேக்குறேன். சம்மதமா?"

அவள் முகம் மாறியது. "நோட்டப் படிச்சிட்ட."

நான் தலையாட்டினேன்.

"தலையாட்டுனா செல்லாது."

"படிச்சேன்" என்றேன்.

தூக்கை வரப்பில் வைத்தாள். கோபம் வருமென்று காத்திருந்தேன். "வேணாம்பா" என்றாள். "அவங்க நல்லவங்கதான். எனக்குத்தான் வேணாம்."

"யாராச்சும் இருக்கானா?"

"பாத்தியா. இதுக்குத்தான் வாயே தொறக்கல. வேணாம்னு சொன்னா ஒருத்தன் இருந்தே ஆவணும் உங்களுக்கு." அதோடு விடவில்லை. "கண்டக்டரு ஐயாவ மொறச்சிக்கினே போனியாமே. நேத்து ரோட்டுல பாத்து, உங்கப்பாவுக்கு உடம்பு சரியில்லையாம்மான்னு கேக்குறாரு. அவரு ரிடையர்டு ஆவப் போறாருப்பா."

சாயங்காலம் உபதேசியார் வீட்டுக்குப் போய் நாளைக்கு ஓலை வாசிக்க வேண்டாம் என்றேன். அவர் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, "ரெண்டு ஓலை போயிடுச்சு. சாமியாருக்கு நான் என்னா காரணம் சொல்றது?" என்றார்.

"தடை இருக்கிறதா அறிஞ்சவங்க சொல்லணும்னு நீங்கதானே வாசிக்கிறீங்க. அறிஞ்சவன் நான்தான். பொண்ணு சம்மதிக்கல. சம்மதம்னு பொய் சொன்னதும் நான்தான்."

மறுநாள் வேறு இரண்டு ஜோடிகளின் பெயர்களை வாசித்துவிட்டு அவர் உட்கார்ந்துவிட்டார். பெண்கள் பக்கமிருந்து தலைகள் எங்கள் பக்கம் திரும்பின. என் மகள் நேராகப் பீடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மாப்பிள்ளை வீட்டுக்கு நானும் வீட்டுக்காரியும் போய் வாசலிலேயே நின்று மன்னிப்புக் கேட்டோம். உள்ளே கூப்பிடவில்லை. ஊரும் விடவில்லை. யார் அந்தப் பையன் என்று இன்றுவரை கேட்கிறார்கள். ஒருவனும் இல்லை என்றால் நம்புவதில்லை. அவர்களைக் குறை சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை.

நோட்டு இப்போது பீரோவில் இல்லை. நான் தேடவில்லை என்றால் அது பொய். ஒருமுறை தேடினேன். கிடைக்கவில்லை. அதைச் சாமியாரிடம் பாவசங்கீர்த்தனத்தில் சொல்லியிருக்கிறேன்.