கலங்கல் போன அன்று

சின்ன வயதில் எனக்குப் புயல் என்றால் லீவு. அவ்வளவுதான். வங்கக் கடலில் காற்றழுத்தத் தாழ்வு என்று டிவியில் சொல்ல ஆரம்பித்ததுமே நானும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் வேண்டிக்கொள்ளத் தொடங்கிவிடுவோம். பாழாய்ப்போனது ஆந்திரா பக்கம் திரும்பிவிடக் கூடாது, கலெக்டர் நல்ல புத்தியோடு லீவு விட வேண்டும், இதுதான் எங்கள் பிரார்த்தனை. கடல் எங்கே, நாங்கள் எங்கே! எங்கள் ஊர் ஸ்ரீபெரும்புதூருக்கும் ஒரகடத்துக்கும் நடுவில் கம்பெனி மதில்களுக்குள் மாட்டிக்கொண்ட ஊர். கடலைப் பார்க்க வேண்டுமானால் பஸ் மாறி பஸ் மாறிப் போக வேண்டும். அங்கே கிளம்புகிற புயல் இவ்வளவு தூரம் வந்து எங்களை என்ன செய்துவிடப் போகிறது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். நான் சின்னப் பெண், நினைக்கலாம். பெரியவர்களும் அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

அப்பா சிங்கப்பெருமாள் கோவில் ஸ்டேஷனிலிருந்து கம்பெனி கேட் வரை ஷேர் ஆட்டோ ஓட்டினார். ஏரிக்குக் கீழே எங்களுக்குக் கொஞ்சம் நிலம். அதில் நெல் விளைந்து நான் பார்த்ததில்லை. நான் பார்த்ததெல்லாம் ரூம்கள்தான். ஹாலோ பிளாக் சுவர், ஆஸ்பெஸ்டாஸ் கூரை, ஒரு கதவு, கம்பி போட்ட ஒரு குட்டி ஜன்னல், இப்படி வரிசையாக. ஊரில் எல்லாரும் கட்டினார்கள், அப்பாவும் கட்டினார். கம்பெனிகளில் வேலைக்கு வந்த தெற்கத்திப் பிள்ளைகள் குடிவந்தார்கள். ரூம்களுக்குப் பின்னால் ஓர் ஓடை. அதில் தண்ணீர் வந்து வெகுகாலம் ஆகியிருந்ததால் பையன்கள் அதில் ஸ்டம்பு நட்டு கிரிக்கெட் ஆடினார்கள். ஓடையின் குறுக்கே, ரூம்களைத் தாண்டியதும், ஒரு கம்பெனி மதில் நின்றது. எங்கள் வீடு அங்கே இல்லை, ஊருக்குள் மேட்டில் இருந்தது.

அந்த வரிசையின் கடைசி ரூமில் இருந்தவளைச் சாயல்குடி அக்கா என்போம். ராமநாதபுரம் சீமையிலிருந்து வந்தவள். கார்களுக்கு உள்ளே போகிற ஒயர்களைக் கொத்துக் கொத்தாகக் கட்டி டேப் சுற்றுகிற கம்பெனியில் வேலை. அந்த விரல்களால் எனக்குத் தலை பின்னிவிட்டால் சாயந்தரம் வரை ஒரு மயிர் பிசகாது. கூட இருந்த பெண் கல்யாணத்துக்கென்று ஊருக்குப் போய்த் திரும்பி வரவில்லை. அதனால் இவள் ஒருத்திதான் ரூமில். மாதக்கணக்கில் நைட் ஷிப்ட். விடிந்ததும் கம்பெனி பஸ்ஸிலிருந்து இறங்கி நேரே எங்கள் வீட்டுக்கு வருவாள், அம்மா போடுவதைச் சாப்பிடுவாள், பிறகு போய்த் தூங்குவாள். அம்மாவுக்கு அவள்மேல் கொள்ளைப் பிரியம். எனக்குச் சமயத்தில் பொறாமையாகக்கூட இருக்கும்.

பகலில் அந்த வரிசையே ஆளரவமற்றுக் கிடக்கும். ஒருநாள் எவனோ குடித்துவிட்டு வந்து அவள் கதவைத் தட்டு தட்டென்று தட்டியிருக்கிறான். அவள் நடுங்கிப்போய் அம்மாவுக்குப் போன் போட்டாள். அம்மா துடைப்பத்தை எடுத்துக்கொண்டு ஓடினாள், அதற்குள் அவன் கம்பி நீட்டிவிட்டான். மறுநாளிலிருந்து அம்மா ஓர் ஏற்பாடு செய்தாள். அக்கா உள்ளே போய்ப் படுத்ததும் அம்மா வெளியே பூட்டுப் போட்டுவிடுவாள். சாவி அம்மாவின் தாலிச் சரட்டு ஊக்கில் இருக்கும். அக்கா எழுந்ததும் ஒரு மிஸ்டு கால் கொடுப்பாள், அம்மா போய்த் திறந்துவிடுவாள்.

“வெளிய பூட்டு தொங்கினா ஒரு நாயி எட்டிப் பாக்காது. உள்ள ஆளு கீதுன்னு எவனுக்குத் தெரியப்போவுது? நிம்மதியாத் தூங்கு பொண்ணே” என்பாள் அம்மா.

அப்பாவிடம் இதைச் சொல்லவில்லை. சொன்னால் அவர் அந்தக் குடிகாரனைத் தேடிப் போய் உதைப்பார், ஊரே கூடிப் பேசும், அப்புறம் பூட்டுக்கு என்ன மரியாதை? நாலு பேருக்குத் தெரியாத வரைக்கும்தான் அது காவல். அம்மா முந்தானையைப் பிடித்துக்கொண்டே திரிந்ததால் எனக்கு மட்டும் தெரியும். என் அம்மாவுக்கு எவ்வளவு சாமர்த்தியம் என்று பெருமையாக இருந்தது.

அந்த வருஷம் ஐப்பசியில் பிடித்த மழை கார்த்திகையிலும் விடவில்லை. ஒரு தாழ்வு நிலை கரையேறிப் போனால் அடுத்தது தயாராக நின்றது. லீவுகூடச் சலித்துப்போகும் என்பதை அப்போதுதான் தெரிந்துகொண்டேன். கரண்ட் போனது போனதுதான். ஒருத்தர் போனிலும் சார்ஜ் இல்லை, இருந்தவர்களுக்கு டவர் இல்லை. பள்ளிக்கூடம் இல்லை, ரேஷன் கடை இல்லை, பால்கூட வரவில்லை. கம்பெனி பஸ் மட்டும் தண்ணீரைக் கிழித்துக்கொண்டு வந்து நின்றது. சாயல்குடி அக்காவும் நனைந்துகொண்டே ஏறிப் போனாள்.

ஒரு காலை மழை விட்டு வெளிச்சம் வந்தது. ஏரி கலங்கல் போகிறது என்று தெருவெல்லாம் ஒரே கூச்சல். ஏரி நிறைந்தால் மிச்சத் தண்ணீர் வெளியேறுவதற்காகக் கரையின் ஓரத்தில் தாழ்வாகக் கல் கட்டிவிட்டிருப்பார்கள். அதன்மேல் தண்ணீர் வழிவதைத்தான் கலங்கல் போகிறது என்போம். நான் பிறந்ததிலிருந்து அது போனதில்லை. ஏரி நிறைந்தால் ஊர்ப் பெண்கள் போய்த் தேங்காய் உடைத்து, மஞ்சளும் பூவும் போட்டு, பொங்கல் வைத்துப் படைக்க வேண்டும் என்பது வழக்கம். பஞ்சாயத்தில் மேளத்துக்குச் சொல்லி அனுப்பினார்கள். அம்மா பெட்டியிலிருந்து பட்டுப் புடவையை எடுத்தாள்.

அப்பா வெளியே போயிருந்தார். அந்த நேரத்தில்தான் அக்கா ஷிப்ட் முடிந்து வந்தாள். விஷயத்தைக் கேட்டதும் அவள் முகம் மலர்ந்துவிட்டது.

“அக்கா, நானும் வாரேன்க்கா. எங்கூருக் கம்மா நெறஞ்சு நான் கண்ணால பாத்ததே இல்ல.”

“கண்ணு ரெண்டும் ரத்தமா செவந்து கீது, இந்த லட்சணத்துல இன்னா வேடிக்கை? போய்த் தூங்கு. தண்ணி எங்கியும் ஓடிப்போயிடாது. சாயந்தரம் நானே இட்டுக்கினு போறேன்” என்றாள் அம்மா.

அக்கா சிணுங்கிக்கொண்டே போய்ப் படுத்தாள். அம்மா பூட்டினாள். போன் செத்துப்போன அந்த நாட்களில் மிஸ்டு காலுக்குக் காத்திருக்காமல் சாயந்தரம் அவளே போய்த் திறந்துவிடுவாள். பொங்கல் பானையை இடுப்பில் வைத்துக்கொண்டு என் கையைப் பிடித்து நடந்தாள்.

அடேயப்பா, அந்தத் தண்ணீர்! கல்கட்டின்மேல் கண்ணாடித் தகடாக வழிந்து கீழே நுரைத்தது. பெரிய ஆம்பிளைகள் வேட்டியைத் தூக்கிக் கட்டிக்கொண்டு கெண்டை பிடித்தார்கள். சர்ச் தெருப் பெண்களும் வந்தார்கள், தேங்காய் மட்டும் உடைக்காமல் பூப் போட்டுவிட்டு நின்றார்கள். அம்மா மஞ்சள் தண்ணீரை ஊற்றிக் கன்னத்தில் போட்டுக்கொண்டாள். வழிகிற தண்ணீர் அடுத்து எங்கே போகும் என்று அங்கே ஒருத்தருக்கும் தோன்றவில்லை. ஓடையில் இறங்கும். ஓடை எங்கள் ரூம்களின் முதுகை ஒட்டித்தான் போகிறது. அதற்கப்புறம் மதில்.

பானை பொங்குவதற்குள் மழை மறுபடி பிடித்துக்கொண்டது. கொஞ்ச நேரத்தில் தண்ணீர் செம்மண் நிறமாக மாறியது. எங்களுக்கு மேலே இருக்கிற இன்னொரு ஏரி உடைந்துவிட்டது என்று கத்திக்கொண்டே ஒருவர் ஓடி வந்தார். அதன்பின் நடந்ததை என்னால் ஒழுங்காக அடுக்கிச் சொல்ல முடியாது. அடுப்பும் பானையும் எங்கள் கண்ணெதிரே போயின. ஊருக்குத் திரும்பும் தரைப்பாலம் மறைந்தது. பெண்களும் பிள்ளைகளும் கோயில் மேட்டில் ஏறி ஒண்டிக்கொண்டோம். தண்ணீர் கலங்கலைக் காணாமல் அடித்து ஓடையில் பாய்ந்தது. மதிலில் முட்டி, போக வழியில்லாமல், தொட்டி நிறைவது போல ரூம்களைச் சுற்றி ஏறியது.

“ஐயையோ, அந்தப் பொண்ணு!” என்று அம்மா அலறினாள்.

தண்ணீரில் இறங்கப் போனவளைப் பெண்கள் இடுப்போடு கட்டிப் பிடித்தார்கள். மேட்டிலிருந்து ரூம்களின் கூரைகள் தெரிந்தன. அங்கே இடுப்பளவுத் தண்ணீரில் சில ஆம்பிளைகள் கயிறு கட்டி, மழையில் வேலைக்குப் போகாமல் ரூமில் தங்கியிருந்தவர்களை ஒவ்வொருவராகச் சர்ச் மாடிக்கு ஏற்றிக்கொண்டிருந்தார்கள். அதில் சிவப்புத் துண்டு கட்டியிருந்தவர் என் அப்பா. அம்மா தொண்டை கிழியக் கத்தினாள். தாலிச் சரட்டோடு சாவியைத் தூக்கித் தூக்கிக் காட்டினாள். மழையும் வெள்ளமும் போட்ட இரைச்சலில் பக்கத்து ஆள் குரலே கேட்காது, இதுவா கேட்கும்? அவ்வளவு தூரத்தில் ஒரு சாவியா தெரியும்? அப்பா எங்களைப் பார்த்துவிட்டார். இரண்டு கையையும் தலைக்குமேல் தூக்கி ஆட்டினார். எல்லாம் பத்திரம், கவலைப்படாதே என்று.

நானும் குதித்துக் குதித்துக் கையாட்டினேன். அம்மா அப்படியே மண்ணில் உட்கார்ந்தாள். “உங்கப்பா இட்டாந்துட்டாரு. அவரு பாத்துப்பாரு” என்று திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டாள். பிறகு ஈரப் புடவையால் என் தலையைத் துவட்டிவிட்டாள்.

பொழுது சாயும் நேரத்தில் டிராக்டரில் எங்களை ஏற்றிப் பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுவந்தார்கள். தப்பித்தவர்கள் எல்லாரும் அங்கேதான் இருந்தார்கள். பையன்கள் என் அப்பாவைச் சுற்றி உட்கார்ந்து, அண்ணன் இல்லாவிட்டால் நாங்கள் இல்லை என்று சொல்லிக்கொண்டிருந்தார்கள். அப்பா என்னைத் தூக்கிக்கொண்டார். அவர் உடம்பெல்லாம் சிராய்ப்பு. அம்மா அவரிடம் நிற்கவில்லை. ஒவ்வொரு வகுப்பாகப் போய், போர்த்திக்கொண்டு படுத்திருந்தவர்களின் முகத்தைத் துணியை விலக்கிப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்தாள்.

“சாயல்குடிப் பொண்ணு எங்க?”

“அது ஷிப்ட் முடிஞ்சு இன்னும் வரலம்மே, கம்பெனியிலயே கீது. பூட்டு தொங்கினு இருந்திச்சு” என்றார் அப்பா. “பூட்டு இல்லாத கதவு ஒண்ணு வுடாம தட்டி அத்தினி பேரையும் இட்டாந்துட்டேன்.”

அவர் குரலில் அப்போதும் பெருமை இருந்தது. பாவம், இருக்காதா? அம்மாவின் கை தாலிச் சரட்டுக்குப் போனது. ஊக்கைக் கழற்ற வராமல் சாவியைப் பிய்த்தெடுத்து அப்பாவின் கையில் வைத்தாள். அப்பா அதைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார். அவருக்குப் புரிந்த நொடியை நான் பார்த்தேன். என்னை இறக்கிவிட்டு வெளியே ஓடினார். ரூம்கள் இருந்த பக்கம் அப்போது கூரை விளிம்புகூடத் தெரியவில்லை.

தண்ணீர் வடிந்தபின் அப்பாதான் பூட்டைத் திறந்தார். பிள்ளைகளை அந்தப் பக்கமே விடவில்லை. ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதுமே என்று அப்பா அம்மாவிடம் கேட்கவில்லை. ஒரு கதவைத் தட்டியிருந்தால் போதுமே என்று அம்மாவும் கேட்கவில்லை. ஒருவரை ஒருவர் பார்க்காமலே இருவரும் சேற்றை வாரிக்கொண்டிருந்தார்கள்.

ரோடு திறந்ததும் சாயல்குடியிலிருந்து அக்காவின் அம்மா வந்தாள். மெலிந்து, கறுத்து, செருப்பில்லாத காலோடு வேனிலிருந்து இறங்கினாள். எங்கள் அம்மா ஓடிப்போய் அந்தக் காலில் விழுந்தாள்.

“நான்தாம்மா பூட்டினேன். என் கையாலதான் பூட்டினேன். என்னை அடிச்சிடும்மா. வாயில வந்தபடி திட்டிட்டுப் போம்மா.”

ஊரே சுற்றி நின்றது. அந்த அம்மா அடித்தால் நான் குறுக்கே போய் விழ வேண்டும் என்று தயாராக நின்றேன். அவளோ குனிந்து எங்கள் அம்மாவைத் தூக்கி நிறுத்தினாள். தன் சேலைத் தலைப்பால் அம்மாவின் முகத்தில் இருந்த சேற்றைத் துடைத்தாள்.

“எனக்குத் தெரியும்த்தா. போன்ல சொல்லிருக்கா. பொத்திப் பொத்தி வச்சிருக்காகம்மான்னு சொல்லுவா. அந்தக்கா சொல்றபடி கேட்டு நடந்துக்கன்னு நான்தான் சொன்னேன். எங்கூட இருந்தாலும் நானும் பூட்டித்தானத்தா வச்சிருப்பேன். நீ என்ன செய்வ?”

அக்காவின் பையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டு வேனில் ஏறினாள். வேன் பள்ளத்தில் இறங்கி ஏறிப் போனது.

எனக்கு அப்பாடா என்றிருந்தது. இவ்வளவு நாளாக எதற்குப் பயந்தேனோ அது நடக்கவே இல்லை. கூட்டம் கலைந்த பிறகும் அம்மா மட்டும் ரோட்டைப் பார்த்தபடி நின்றாள். அவளுக்கு எப்படியாவது ஆறுதல் சொல்ல வேண்டும் என்று எனக்குத் தோன்றியது. கையைப் பிடித்துக்கொண்டு, “அழாதம்மா, அவங்க உன்னை ஒண்ணுமே திட்டலியே” என்றேன்.

அம்மா என் கன்னத்தில் ஓங்கி ஓர் அறை விட்டாள். அவள் என்னை அடித்தது அந்த ஒரு தடவைதான். நல்லதைத்தானே சொன்னேன், அதற்கு ஏன் அடித்தாள் என்று தெரியாமல், நடுரோட்டில் உட்கார்ந்து வெகுநேரம் அழுதுகொண்டிருந்தேன்.