முசியே வீட்டு சைப்ரஸ் வேலி

1. போன்

"ஏம்மா, வேலிய எவனோ மொட்டையடிச்சிட்டாம்மா! எங்க இருக்க நீ?"

முசியே போனில் கத்தியபோது நான் தவளக்குப்பத்தில் ஒரு வீட்டுப் புல்தரைக்கு மண் கொட்டிக்கொண்டிருந்தேன். தோட்டப் பராமரிப்பு வேலையிலேயே தலை நரைத்தவள் நான். எங்கள் தொழிலில் காலையில் வரும் போன் எதுவும் சௌக்கியம் விசாரிக்க வராது. ஸ்கூட்டியைக் கிளப்பினேன்.

முசியே பிரான்ஸில் வேலை பார்த்துவிட்டு லாஸ்பேட்டைக்குத் திரும்பியவர். அதனால் தெருவே அவரை, பிரெஞ்சில் 'ஐயா' என்று அர்த்தம் வரும்படி, அப்படித்தான் கூப்பிடும். அப்பா விட்டுப்போன மனையை அவரும் தம்பி செல்வமும் பிரித்துக்கொண்டு, பக்கத்துப் பக்கத்தில் ஆளுக்கொரு வீடு கட்டினார்கள். கிணறு யாருக்கு என்று தொடங்கிய சண்டையில் இருவருக்கும் பேச்சு அறுந்துபோனது. அந்தக் கிணற்றில் தண்ணீரே இல்லை என்பது வேறு விஷயம்.

2. மறைப்பு

வேலி போடச் சொன்ன அன்றைக்கே முசியே தெளிவாக இருந்தார். "அவன் மூஞ்சி எனக்குத் தெரியக் கூடாது. வருஷம் பூரா பச்சையா இருக்கணும், இலை கொட்டக் கூடாது."

"சுவர் வச்சிடலாமே?"

"சுவர் அசிங்கம்மா. அங்கல்லாம் சைப்ரஸ்தான் வைப்பாங்க."

தம்பியை ஒதுக்குவதிலும் ஒரு நேர்த்தி வேண்டாமா?

அந்த வேலைக்கு சைப்ரஸை விட்டால் ஆளில்லை. செதில் செதிலாகச் சின்ன இலை, கசக்கினால் நல்ல வாசனை, எந்த மாதமும் பச்சை. நெருக்கி நட்டு ஒழுங்காக ட்ரிம்மிங் செய்தால் காற்று, தூசி, தம்பி எல்லாவற்றையும் தடுக்கும். வேரில் தண்ணீர் தேங்கினால் மட்டும் அழுகிவிடும். லாஸ்பேட்டை செம்மண் மேடு என்பதால் பிழைத்து, ஆள் உயரத்தைத் தாண்டி வளர்ந்தது.

முகத்தை மறைத்தது சரி, வாயை மறைக்குமா? நான் கத்திரியோடு போகும் நாளெல்லாம் இந்தக் கூத்துதான்.

"அந்தாளுகிட்ட சொல்லும்மா, அவன் வூட்டு மோட்டார் சத்தத்துல தூங்க முடியல."

வேலிக்கு அந்தப் பக்கத்திலிருந்து செல்வம் சாரின் குரல் வரும். "தூங்குறதுக்குத்தான் பிரான்ஸ்லேர்ந்து வந்தாரான்னு கேளும்மா."

இருவருக்கும் காது நன்றாகவே கேட்கும். ஆனாலும் நடுவில் நான் ஒருமுறை திருப்பிச் சொன்னால்தான் சேதி போய்ச் சேர்ந்ததாக அர்த்தம். நானும் வெட்கமில்லாமல் சொல்லிக்கொண்டிருந்தேன்.

3. ஓட்டை

போன் வந்த அன்றைக்குப் போய்ப் பார்த்தால் வேலியின் நட்ட நடுவில் ஒரு ஆள் நுழையும் அளவுக்கு ஓட்டை. கிளைகளை உள்ளே இலையில்லாத பழுப்புக் கட்டை வரை யாரோ அறுத்திருந்தார்கள்.

"ஞாயித்துக்கெழம பொண்ணுக்கு நிச்சயம். மாப்பிள்ள வூட்டுக்காரங்க இங்கதான் சாப்பிடப் போறாங்க. எல்லாம் அந்தப் பய வேலதான்!" என்று முசியே குதித்தார்.

அவர் மகள் நிவேதா கையில் ரம்பத்தோடு வந்தாள். "நான்தாம்பா அறுத்தேன். என்னைத் தூக்கி வளத்த சித்தப்பா இல்லாம எனக்கு நிச்சயமும் வேணாம், ஒண்ணும் வேணாம்." ரம்பத்தை அப்பா காலடியில் போட்டாள்.

பிரான்ஸ் பார்த்த மனிதருக்கு மகள் முகத்தைப் பார்க்கத் தைரியமில்லை. என் பக்கம் திரும்பினார்.

"இது எப்பம்மா துளிர்க்கும்?"

"துளிர்க்காது முசியே."

பூவரசையும் செம்பருத்தியையும் எப்படிக் கழித்தாலும் மறுபடி கிளைத்துவிடும். அந்தப் பழக்கத்தில்தான் நம் ஊரில் பல சைப்ரஸ் வேலிகள் பாழாகின்றன. இதற்குப் பச்சை இருக்கும் வரைதான் கத்திரி. பழுப்புக் கட்டையைத் தொட்டால் அந்த இடம் மொட்டைதான்.

"அப்ப பெரிய மரமா ஒண்ணு கொண்டாந்து நடு."

"வளந்த மரத்தத் தோண்டி நட்டா காஞ்சிடும். சின்னக் கன்னு வச்சா உங்க பேரன் கல்யாணத்துக்குள்ள அடைஞ்சிடும்."

ஓட்டையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் நடந்து பார்த்தார். "சரி, வளைவு மாதிரி பண்ணிடு. கீழ கல்லு பதிச்சிடு. வேணும்னே வச்ச வழி மாதிரி இருக்கணும்."

தம்பியைக் கூப்பிட மாட்டாராம், வழிக்குக் கல் மட்டும் பதிப்பாராம்! இரண்டு பக்கத்து உயரக் கிளைகளையும் மேலே வளைத்துக் கயிற்றால் கட்டினேன். சைப்ரஸ் கிளை சொன்னபடி வளையும். மனுஷர்களிடம் அந்த வசதி கிடையாது.

4. ஞாயிற்றுக்கிழமை

மாப்பிள்ளை வீட்டார் பந்தியில் உட்கார்ந்துவிட்டார்கள். வளைவுக்கு அந்தப் பக்கம் செல்வம் சார் சலவை வேட்டியில் நிற்கிறார், தாண்டி வரவில்லை. இந்தப் பக்கம் முசியே. கை நீட்டினால் தொடலாம். இருவரும் என்னைப் பார்த்தார்கள்.

"சாப்பிட வரச் சொல்லும்மா அவன."

"நேரா கூப்பிடச் சொல்லும்மா அவர."

பட்டுப்புடவையில் நிவேதா அழுகையை அடக்கிக்கொண்டு நிற்கிறாள். எனக்கு வந்ததே ஆத்திரம்!

"நான் வேலி பாக்க வந்தவ. நீங்களே பேசிக்குங்க" என்று கத்திவிட்டுப் பந்தியைப் பார்த்து நடந்தேன்.

இலை முன்னால் உட்காரப் போகும்போது முதுகுக்குப் பின்னால் கேட்டது. முசியேவின் குரல்தான்.

"டேய் செல்வம்... வாடா."

இந்தத் தொழிலுக்கு வரும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். சைப்ரஸில் பச்சையோடு கத்திரியை நிறுத்துங்கள். வாடிக்கையாளர் வீட்டில் தூது போகாதீர்கள். அத்தனை வருஷம் நான் வேலை மெனக்கெட்டுத் தூது போய் நடக்காதது, நான் பாட்டுக்குச் சாப்பிடப் போன அன்றைக்கு நடந்தது.