ஒரே தேதியில் இரண்டு லாரி

கும்மிடிப்பூண்டியில் எங்கள் வால்வு தொழிற்சாலையின் கிளவுட் கணக்கை மூடுவதற்கு முன், சோதனைச் சான்றிதழ்களை மொத்தமாக ஹார்ட் டிஸ்க்கில் இறக்கினேன். லாரி புறப்பட்ட தேதியை மட்டுமே கோப்புகளுக்குப் பெயராக வைத்தேன். தேதிகள் மேல் எனக்கு அப்படியொரு பற்று.

கணக்கை மூடிய மறுவாரம் ஒரு வாடிக்கையாளர் சான்றிதழ் கேட்டார். தராவிட்டால் சரக்கு திரும்பி வந்துவிடும். தேடினால் காணோம். அவர் சரக்கு புறப்பட்ட அன்று இரண்டு லாரிகள் போயிருந்தன. ஒரே பெயர் என்பதால் இரண்டாவது கோப்பு முதலாவதை அழித்திருந்தது.

தரப் பிரிவு விஜயாவிடம் தயங்கியபடி சொன்னேன்.

“இன்னா சார், ஒரு நாளிக்கு ஒரு லாரிதான் போவுமா?” என்று சிரித்தார். “பழைய பேர்லயே நான் ஒரு காப்பி எடுத்து வெச்சிகினு கீறேன்.”

“முன்னாடியே சொல்லக் கூடாதாம்மா?”

“சொன்னேனே, கேட்டீங்களா?”

சான்றிதழ் அன்றே போய்ச் சேர்ந்தது. அவர் எப்போது சொன்னார் என்று என் டைரியைப் புரட்டினேன், எங்கும் இல்லை. இப்போதெல்லாம் பிறர் சொல்வதையும் எழுதிக்கொள்கிறேன். பக்கங்கள் சீக்கிரம் நிறைகின்றன, மனமும்தான்.